சேர்ஜரிக்குப் போன கதை

பள்ளிக்கூட நினைவு எதையாவது நம் சங்க மலருக்கு எழுதித் தாருங்கள் என்று கேட்ட செயலாளர், கிரிக்கெட் பற்றி எழுத ஏற்கெனவே மூன்று பேர் இருப்பதாகவும் சொல்லிவிட்டார். சரி, எனக்கு மிஞ்சியது சமூகக் கல்விப் பாடம்.

1977. எட்டாம் வகுப்பு. ஜூலையில் பொதுத் தேர்தல் என்பதால் ஊரெல்லாம் ஒலிபெருக்கி. சமூகக் கல்வி சேர் கரும்பலகையில் ஓர் ஏணி கீறினார். அடிப்படியில் கிராம சபை, அடுத்ததில் பட்டின சபை, அதற்கு மேல் மாநகர சபை, உச்சியில் பாராளுமன்றம். "ஒவ்வொரு படியா ஏறி வாறவன்தான் உருப்படியான எம்.பி. லண்டன் பாராளுமன்றத்திலை, வெஸ்ட்மின்ஸ்டரிலை, அப்பிடித்தான்" என்றார். பின்வாங்கிலிருந்து ஒருவன், "சேர், எங்கடை ஆக்கள் எல்லாரும் கோட்டிலை வாதாடுற அப்புக்காத்துமார். நேரே உச்சிக்குத் தாவினவை" என்றான். அடி வாங்கினான். அவன் சொன்னதில் பெரிய பிழையில்லை என்று எனக்கு அன்றைக்கே ஒரு எண்ணம்.

தொகுதிக்கு ஓர் எம்.பி. என்ற முறையில் இலங்கையில் நடந்த கடைசிப் பொதுத் தேர்தல் அதுதான். 1982இல் சர்வசன வாக்கெடுப்பு வைத்துப் பாராளுமன்றத்தின் ஆயுளை நீட்டினார்கள். 1989இல் விகிதாசார முறையில் அடுத்த தேர்தல் வந்தபோது நான் கிழக்கு லண்டனில் பெட்ரோல் செட்டில் இரவு வேலை. முப்பது வயதுவரை வாக்குச் சீட்டில் ஒரு புள்ளடி போட்டதில்லை.

முதல் புள்ளடி 1994 ஜூன் 9. கொமன்வெல்த் நாட்டுக் குடிமகனுக்கு இங்கே தங்க அனுமதி இருந்தால் போதும், பிரித்தானியக் கடவுச்சீட்டு இல்லாமலே வாக்களிக்கலாம். (இது தெரியாமல் இன்னும் இடாப்பில் பெயர் பதியாதவர்கள் நம் சங்கத்திலேயே இருக்கிறார்கள்.) எங்கள் தொகுதியான நியூஹாம் வடகிழக்கின் எம்.பி. ரான் லேட்டன் காலமானதால் வந்த இடைத்தேர்தல் அது. வாக்களிப்புக்கு முதல் நாள் லிபரல் ஜனநாயகக் கட்சி வேட்பாளர் தொழிற் கட்சிக்குத் தாவிவிட்டார். கட்சி தாவுவது நம்மவர்களின் தனிச்சொத்து என்றல்லவா நினைத்திருந்தேன்!

வென்றவர் ஸ்டீபன் டிம்ஸ். நெடுநெடுவென்று வளர்ந்த மனிதர். அவர் வந்த வழியைக் கேள்விப்பட்டபோது சேரின் ஏணி ஞாபகம் வந்தது. ஓல்டமில் பிறந்து, கேம்பிரிட்ஜில் கணிதம் படித்து, தொலைத்தொடர்புத் துறையில் வேலை பார்த்தவர். 1984இல் லிட்டில் இல்ஃபர்ட் வட்டாரத்துக்குக் கவுன்சிலர் ஆனார். நம் முருகன் கோயில் இருக்கிற சேர்ச் ரோட் பக்கம்தான் அது. 1990 முதல் நான்கு வருடம் நியூஹாம் கவுன்சிலின் தலைவர். எம்.பி. ஆன பிறகும் 1997 வரை கவுன்சிலர் பதவியை விடவில்லை. உச்சியில் ஏறியும் ஒரு கால் அடிப்படியில்தான்.

1997இல் தொகுதியின் பெயர் ஈஸ்ட்ஹாம் ஆனது, ஆள் மாறவில்லை. பிறகு அமைச்சர் பதவிகள்: பள்ளிக்கூடம், ஓய்வூதியம், திறைசேரி. 2006இல் திறைசேரியின் தலைமைச் செயலாளர் என்ற அமைச்சர் பதவியோடு அமைச்சரவைக்கே போனார். அடுத்த வருடம் அதிலிருந்து இறங்கியவர், 2008இல் அதே திறைசேரியில் முன்பு இரண்டு தடவை பார்த்த கீழ்ப்பதவிக்கு மூன்றாவது தடவையாகப் போய் உட்கார்ந்தார். நம் ஊரில் என்றால் கோபித்துக்கொண்டு புதுக்கட்சி தொடங்கியிருப்பார்கள். 2022இல் அரசியார் பட்டம் கொடுத்ததில் இப்போது அவரும் 'சேர்'. 2024இல், 69 வயதை எட்டும் நேரத்தில், சமூகப் பாதுகாப்புக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் பொறுப்பான அமைச்சராக மறுபடி பதவியேற்றார்.

எல்லாவற்றிலும் எனக்கு அவரோடு உடன்பாடு இல்லை. 2003இல் ஈராக் போருக்கு ஆதரவாக அவர் வாக்களித்தது இன்றைக்கும் மனத்தாங்கல்தான்.

இனி, சேர்ஜரி. எம்.பி. தொகுதி மக்களைச் சந்தித்துக் குறை கேட்பதற்கு இந்த நாட்டில் அப்படித்தான் பெயர். 1996இல் அம்மா கொழும்பு வெள்ளவத்தையில் ஓர் அறையில் விசாவுக்காகக் காத்திருந்தா. கோப்பு ஏதோ ஓர் அலுவலகத்தில் அசையாமல் கிடந்தது. "எம்.பி.யின்ரை சேர்ஜரிக்குப் போறன் அம்மா" என்று தொலைபேசியில் சொன்னேன்.

"ஏன் தம்பி, ஆளுக்கு என்ன வருத்தம்?"

போன அன்று வரிசையில் எனக்கு முன்னால் ஒரு வங்காளப் பெரியவர், பின்னால் கானாக்காரி ஒருத்தி. எல்லார் மடியிலும் ஒரு பிளாஸ்டிக் கவருக்குள் கடிதங்கள். சொல்ல வேண்டிய நான்கு ஆங்கில வசனங்களை வாய்க்குள் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தேன். மூன்று வாரத்தில், பச்சை நிறத்தில் பாராளுமன்றத்தின் இரும்புக் கதவுச் சின்னம் அச்சிட்ட கடித உறை ஒன்று வீட்டுக்கு வந்தது. அடுத்த வருடம் அம்மா வந்து சேர்ந்தா. அந்த உறையைத் தன் பஞ்சாங்கத்துக்குள் பத்திரமாக வைத்துக்கொண்டா.

2010 மே 6 பொதுத் தேர்தலில் டிம்ஸின் பெரும்பான்மை 27,826. நாட்டிலேயே அதுதான் அதிகம். எட்டு நாள் கழித்து, வெள்ளிக்கிழமை, பெக்டன் குளோப் நூலகத்தில் சேர்ஜரி. 21 வயதுப் பெண் ஒருத்தி சிரித்த முகத்தோடு, கைகுலுக்க வருபவள் போலக் கையை நீட்டிக்கொண்டு வந்து, கத்தியால் வயிற்றில் இரண்டு தடவை குத்தினாள். ஈராக் வாக்குக்குத் தண்டனை என்றாளாம். எனக்கும் அந்த வாக்கில் கோபம் இருந்தது என்பதை நினைத்தபோது ஒரு மாதிரி இருந்தது.

செய்தியை அம்மாவுக்குச் சொன்னேன். "எங்கை, சேர்ஜரியிலையோ?" என்று கேட்டா. இந்த முறை யாரும் சிரிக்கவில்லை. ரோயல் லண்டன் ஆஸ்பத்திரியில் உண்மையான சேர்ஜரி நடந்தது. பிழைத்தார், தேறியபின் பழையபடி மேசை போட்டு மக்களைச் சந்திக்கத் தொடங்கினார். ஆனால் அன்றிரவு அதெல்லாம் எங்களுக்குத் தெரியாதே.

மறுநாள் காலை அம்மா தேங்காய்த் தட்டோடு முருகன் கோயிலுக்கு இழுத்துக்கொண்டு போனா. ஐயர் பெயர் கேட்டார். "ஸ்டீபன்" என்றா. ஐயர் ஒரு முறை என்னை நிமிர்ந்து பார்த்தார். பிறகு நட்சத்திரம் கேட்டார்.

"நட்சத்திரம் தெரியாது ஐயா. எங்கடை எம்.பி."