லண்டன்ல பொறந்த அயர்லாந்துக்காரர்

மிஹால் மாக்லியமோர்னு ஒருத்தர். நடிகர், எழுத்தாளர், டைரக்டர், போதாததுக்கு செட்டும் காஸ்ட்யூமும் அவரே வரைவாரு. சொந்த ஊர் அயர்லாந்துல இருக்கற கார்க்னுதான் சொல்லிக்கிட்டாரு, எல்லாரும் அதை நம்பினாங்க. உண்மையில 1899ல லண்டன்ல பொறந்தவரு, நிஜப் பேரு ஆல்ஃபிரெட் வில்மோர். விஷயம் ஊருக்கே தெரியவந்தது அவர் இறந்த பிறகுதான்.

இதை பித்தலாட்டம்னு சொன்னா எனக்கு மனசு ஒப்பவே மாட்டேங்குது. பின்னாடி பெரிய நாடகாசிரியரான நோயல் கவர்டு கூட லண்டன் மேடையில நடிச்ச சின்னப் பையன், அங்கயே இருந்திருந்தா பொழப்பு ஓடியிருக்கும், ஆனா ஐரிஷ் மொழி மேல பித்து புடிச்சுப்போய் உக்காந்து படிச்சு, பேரையும் மாத்திக்கிட்டு அயர்லாந்துக்குக் கிளம்பிட்டாரு. 1928ல அங்க கால்வேங்கற ஊர்ல ஐரிஷ் மொழிக்குன்னே ஒரு தியேட்டர் தொறந்தாங்க, முதல் நாடகத்த அந்த மொழியிலயே எழுதி, டைரக்ட் பண்ணி, ஹீரோவா நடிச்சது இவருதான். தாய்மொழியா கெடைச்சவங்கள்லயே எத்தனை பேருக்கு இது வரும்?

அதே வருஷம் ஹில்டன் எட்வர்ட்ஸ்ங்கற நடிகரோட சேர்ந்து தலைநகர் டப்ளின்ல கேட் தியேட்டர தொடங்கினாரு. 1931ல அங்க வந்து சான்ஸ் கேட்ட 16 வயசுப் பையன், பின்னாடி பெரிய ஹாலிவுட் டைரக்டரான ஆர்சன் வெல்ஸ். பின்னாடி அதே வெல்ஸ் ஷேக்ஸ்பியரோட ஒத்தெல்லோவ படமா எடுத்தப்போ வில்லன் இயாகோ வேஷத்துக்கு இவரத்தான் கூப்பிட்டாரு. காசு தீர்ந்து தீர்ந்து ஷூட்டிங் வருஷக்கணக்கா இழுத்துச்சு. மொராக்கோல காஸ்ட்யூம் வந்து சேரல, சரின்னு ஒரு கொலை சீனையே நீராவிக் குளியலறைக்கு மாத்தி, ஆளுங்களுக்கு துண்டக் கட்டிவிட்டு எடுத்தாங்க. பாருங்க, படத்துலயே மிரட்டலான சீன் அதுதான்.

1960ல ஐரிஷ் எழுத்தாளர் ஆஸ்கார் வைல்டப் பத்தி தனி ஆளா ஒரு நாடகம். வைல்டா வேஷம் கட்டாம, தானாவே நின்னு கதை சொல்லுவாரு. அதோட உலகத்தையே சுத்தி வந்தாரு.

ஹில்டனும் அவரும் கடைசி வரைக்கும் ஜோடியா ஒரே வீட்டுல வாழ்ந்தாங்க, டப்ளினுக்கே தெரியும். ஆணும் ஆணும் உடலுறவு வச்சுக்கறது அங்க 1993 வரைக்கும் சட்டப்படி குத்தம். 1978ல மிஹால் இறந்தப்போ அடக்கத்துக்கு நாட்டோட ஜனாதிபதியே வந்தாரு, வந்து துக்கம் விசாரிச்சது ஹில்டன்கிட்ட.