அலுமாரிக்குள்ள கிடந்தவை

மே 6
அப்பா செத்துப்போனார். அலுமாரிக்குள்ள, வட்டிக்குக் காசு குடுத்து அவர் ஈடாப் பிடிச்சு வைச்ச காணி உறுதிகள். ஒவ்வொண்டாத் திருப்பிக் குடுக்கவேணும். கச்சான் காத்துத் தொடங்கிட்டுது. விறாந்தையில ஒண்டையும் விரிக்கேலாது. உள்ளறையில, மின்விசிறியும் போடாமல்.

மே 7
உறுதியைப் பிரிக்கிறதெண்டால் முதல்ல குண்டூசி. துருப்பிடிச்சதை இழுத்தால் கடதாசியும் கூட வரும். கொஞ்சம் கொஞ்சமா ஆட்டித் தளர்த்தி, வந்த வழியாலயே பின்னுக்குத் தள்ளவேணும். மடிப்பில கிழிஞ்சிருந்தால் செலோடேப் ஒட்டக்கூடாது, மஞ்சளாகி எழுத்தையும் தின்னும். லமினேட் பண்ணவே கூடாது. ஒவ்வொண்டும் தனிப் பைலில, மேல ஊர் மட்டும். பேர் எழுதினால் ஆர் கடன்பட்டது எண்டு பாக்கிறவைக்கெல்லாம் தெரியும்.

மே 8
வெற்றுத்தாளில கடன்பட்டவையின்ர கையெழுத்து. இன்னும் ஒண்டு. இன்னும்.

மே 11
சட்டத்தரணியிட்டக் கேட்டது. 1840ஆம் ஆண்டு மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டப்படி காணி கைமாற உறுதி எழுதி அத்தாட்சிப்படுத்துற நொத்தாரிசு வேணும், ரெண்டு சாட்சி வேணும். வெற்றுத்தாளால ஒரு அடி நிலமும் அசையாது. மூல உறுதியைப் பிடிச்சு வைச்சாலும் காணி பிடிபடாது: இரண்டாம் பிரதி காணிப் பதிவகத்தில கிடக்கும், கட்டணம் கட்டி அத்தாட்சிப் பிரதி எடுக்கலாம். சனம் இவ்வளவு காலமும் பயந்தது இந்தக் கடதாசிக்கு. அப்பாவுக்கு இது தெரியாமலா?

மே 12
தெரியும். உப்புவெளிப் பைலுக்குள்ள அவரே எடுத்த அத்தாட்சிப் பிரதி இருக்கு.

மே 15
அப்பாட கணக்குக் கொப்பியில பேர் இல்லை. ‘கிண்ணியா, வலை, 50, 10’. வலை தொழில். 50 எண்டால் ஐம்பதாயிரம். 10 எண்டால் மாசம் நூற்றுக்குப் பத்து. மாசம் 5,000, பத்தாம் மாசம் வட்டி முதலைத் தொட்டிடும். 1852ஆம் ஆண்டுச் சட்டம் ஒண்டு, வழக்குப்போட்டு அறவிடுற வட்டி முதலைத் தாண்டக்கூடாது எண்டு சொல்லுது. அதாலதான் அவர் கோட்டுக்குப் போகேல்லை. அனுப்பினது ஆக்களை.

மே 16
“அவர்ட மகளோ?” கதவு சாத்தியாச்சு.

மே 19
மூதூர்ப் பக்கத்துப் பைல்களில பாதி உறுதியே இல்லை. அரச காணி அனுமதிப்பத்திரம், 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்துக்குக் கீழ குடுத்தது. அரச சம்மதம் இல்லாமல் கைமாத்தினால் செல்லாது, ஈடாப் பிடிச்சதும் சும்மா. ஆனா பத்திரக்காரர் செத்திருந்தால்? மகன் வெளிநாட்டில, காணியில குந்தியிருக்கிறது மகள். மகனிட்டக் குடுத்தால் அவள் வெளிய. அவளிட்டக் குடுத்தால் களவாக் குடுத்தது எண்டு கதை வரும். முதல்ல பாக்கவேண்டியது, பின்னுரித்தாளர், அதாவது பத்திரக்காரருக்குப் பிறகு காணி சேரவேண்டியவர், பேர் பதிஞ்சிருக்கோ எண்டு. இருந்தால் அவருக்கு. இல்லாட்டில் பிள்ளைகள் எல்லாருக்கும் போட்டோக்கொப்பி, மூலத்தைக் கிராம உத்தியோகத்தர் முன்னால குடுக்கலாம். ஊர் முழுக்கத் தெரிஞ்சிடும். எந்தப் பக்கம் போனாலும் ஆருக்குக் காணி எண்டு முடிவெடுக்கிறது திரும்பவும் இந்த வீடு. அது வேண்டாம். அது மட்டும் வேண்டாம்.

மே 20
பதிவுத்தபால் சரிவராது. கோட்டுக் கடிதம் எண்டு நினைச்சு வாங்கமாட்டினம்.

மே 23
கையில குடுக்கிற முறை. அடையாள அட்டையை உறுதியில இருக்கிற இலக்கத்தோட ஒப்பிடவேணும். பழசில ஒன்பது எண்ணும் ஒரு எழுத்தும், புதுசில 12 எண். முன்னுக்கு 19 வரும், பழைய அஞ்சாம் எண்ணுக்குப் பிறகு ஒரு 0, எழுத்துப் போயிடும். பொருந்தினால் ஆள் சரி.
வெற்றுத்தாளை எரிச்சாச்சு எண்டு சொன்னால் ஒருத்தரும் நம்பார். அவையே கிழிக்கவேணும், துண்டையும் அவையே கொண்டுபோகட்டும். போட்டோக்கொப்பி எடுக்கக்கூடாது. பற்றுச்சீட்டில கையெழுத்துக் கேக்கவும் கூடாது. சட்டத்தரணி கேக்கச் சொல்லுறார், ஆனா இந்த வீட்டில பேனையை நீட்டினால் எழும்பிப் போயிடுவினம். கையெழுத்து இங்கயிருந்துதான் போகவேணும்: ‘இந்தக் காணி மேல எங்களுக்கு ஒரு உரித்தும் இல்லை’, திகதி, உறுதி இலக்கம்.

மே 24
“கணக்கு வழக்கில அப்பா மாதிரியே.” நல்லதாத்தான் சொன்னார் அந்த மனுசன்.

மே 27
பதிஞ்ச ஈடு ஒண்டு அம்பிட்டிருக்கு. இதைக் கிழிச்சு முடிக்கேலாது. ஈடு தீர்ந்துது எண்டு விடுதலை எழுதிப் பதியவேணும், ஈடு பிடிச்சவர் இல்லாததால அதுக்கு முதல் மாவட்ட நீதிமன்றத்தில, செத்தவரின்ர சொத்தை நிருவகிக்க அதிகாரம் குடுக்கிற நிருவாகக் கடிதம் எடுக்கவேணும் எண்டு சட்டத்தரணி சொல்லுறார். மனுவில அப்பாட முழுப்பேர் போடவேணும். நாளைக்கு இறப்புச் சான்றிதழ்