பத்து மதிப்பெண் கேள்வியும் ஹோங் சியூச்சுவானும்

இருபத்தாறு ஆண்டுகள் கல்லூரியில் வரலாறு நடத்தினேன். இளங்கலை மாணவர்களுக்கான சீனா, ஜப்பான் வரலாற்றுத் தாள் பெரும்பாலும் என் கையில்தான் இருந்தது. அபினிப் போர், 1842 நான்கிங் உடன்படிக்கை, தைப்பிங் கிளர்ச்சி, பாக்ஸர் கிளர்ச்சி, 1911 புரட்சி. ஒவ்வொன்றுக்கும் காரணம், போக்கு, விளைவு என்று குறிப்புச் சொல்வேன், பிள்ளைகள் எழுதிக்கொள்வார்கள். தமிழ்வழி வகுப்பு. பலருக்கு அந்தக் குறிப்பேடுதான் பாடநூல்.

பத்தாவது ஆண்டில் ஜோனதன் ஸ்பென்ஸ் எழுதிய 'காட்ஸ் சைனீஸ் சன்' கைக்கு வந்தது. 1996இல் வெளியான நூல். யேல் பல்கலைக்கழகத்தில் 2008 வரை சீன வரலாறு கற்பித்தவர் அவர். என் குறிப்பில் தைப்பிங் கிளர்ச்சிக்குக் கீழே 'தலைவர்: ஹோங் சியூச்சுவான்' என்று ஒரே வரியில் கிடந்தவர், அந்த நூலில் நடமாடினார். தென்சீன நகரமான குவாங்சோவுக்கு அருகே ஒரு உழவர் குடும்பம்; வடக்கிலிருந்து வந்து குடியேறிய ஹக்கா என்னும் மக்களைச் சேர்ந்தது. படிக்கிற பிள்ளை அரசுத் தேர்வில் தேறினால் குலமே தலைநிமிரும் என்ற நம்பிக்கை. அவர் தேறவில்லை. 1837இல் மறுபடியும் தோற்றபோது நோயில் விழுந்தவரைப் பல்லக்கில் வைத்து ஊருக்குக் கொண்டுவந்தார்கள். காய்ச்சலில் வானுலகத்தைக் கண்டார். 1843இல் நான்காம் தோல்வி. அதற்குப் பிறகுதான், முன்பு யாரோ தெருவில் கொடுத்த கிறித்தவப் பிரசுரத்தைக் கவனமாகப் படித்து, தான் ஏசுவின் தம்பி என்று முடிவுக்கு வந்தார். சிங் பேரரசுக்கு எதிராக அவர் தொடங்கிய தைப்பிங் கிளர்ச்சியில், 1853இல் நான்கிங் அவர் தலைநகரானது. 1864இல் அது வீழ்ந்தபோது ஏறத்தாழ இரண்டு கோடிப் பேர் மாண்டிருந்தார்கள்.

இதையெல்லாம் ஸ்பென்ஸ் நிகழ்காலத்தில் எழுதுகிறார். ஹோங் நடக்கிறார், பார்க்கிறார், விழுகிறார். முடிவு தெரிந்த நமக்கு, அவருக்கு அது தெரியாது என்பது ஒவ்வொரு பக்கத்திலும் உறைக்கிறது. ஸ்பென்ஸின் சீனப் பெயர் ஷி ஜிங்சியான். 'ஷி' என்றால் வரலாறு. 'சியான்' என்பது ஹான் காலத்து வரலாற்றாசிரியர் சிமா சியானின் பெயர். நடுவில் உள்ள 'ஜிங்' போற்றுதலைக் குறிக்கும். மனிதர்களின் வாழ்க்கைகளாகவே வரலாற்றை எழுதிய சிமா சியானைப் போற்றுகிறவர் என்று பொருள். பொருத்தமான பெயர்.

அடுத்த ஆண்டு வகுப்பில் ஹோங்கின் தேர்வுகளிலிருந்தே தொடங்கினேன். மூன்று தாள்களில் அரியர் வைத்திருந்த மாணவன் கடைசி பெஞ்சிலிருந்து எழுந்தான். "நாலாவது தடவை அவர் பாஸ் ஆகியிருந்தால் இந்தச் சண்டையே வந்திருக்காதா, ஐயா?"

அன்று என்னால் முழுதாகப் பதில் சொல்ல முடியவில்லை. மறுநாள் சொன்னேன். தேர்வில் தோற்றவர்கள் சீனாவில் லட்சக்கணக்கில் இருந்தார்கள். கிளர்ச்சி தொடங்கிய குவாங்சி மாகாண மலைகளில் கரி சுட்டவர்களும் சுரங்கத் தொழிலாளர்களும் இவர் பின்னால் ஏன் திரண்டார்கள் என்பதற்குப் பஞ்சமும், நிலமில்லாக் கொடுமையும், ஹக்காக்களுக்கும் மற்றவர்களுக்கும் இடையே ஓயாத மோதலும் வேண்டும். ஸ்பென்ஸிடம் எனக்குள்ள குறையும் இதுதான். மனிதரை உயிரோடு நிறுத்துகிறார். அவருக்குப் பின்னால் நின்ற கூட்டத்தை விளக்க அவ்வளவு மெனக்கெடுவதில்லை. என் பழைய குறிப்பைக் கிழித்துப் போடாமல் வைத்துக்கொண்டதற்கு அதுவே காரணம்.

ஆனாலும் 1978இல் வந்த 'தி டெத் ஆஃப் உமன் வாங்' நூலில், ஷான்தோங் மாகாணத்தில் கணவன் கழுத்தை நெரித்துக் கொன்ற ஓர் ஏழைப் பெண்ணுக்கு, அதே மாகாணத்துப் பழங்காலக் கதையாசிரியர் பூ சோங்லிங்கின் கதைகளிலிருந்து வரிகளை எடுத்துக் கோத்து ஒரு கனவை அவர் அமைத்துத் தருகிறார். இது வரலாறா என்று நெடுநாள் தயங்கினேன். அவள் சொன்னதாக ஆவணத்தில் ஒரு சொல்கூட இல்லாதபோது, அந்தக் கனவையாவது ஒருவர் அவளுக்குக் கொடுத்தாரே என்றுதான் இன்று நினைக்கிறேன்.

அந்த ஆண்டு அகமதிப்பீட்டுத் தேர்வில் வழக்கமான கேள்வியைத்தான் கேட்டிருந்தேன்: தைப்பிங் கிளர்ச்சிக்கான காரணங்களை விவரி. அரியர் மாணவனின் விடைத்தாள், "அவரைப் பல்லக்கில் வீட்டுக்குத் தூக்கி வந்தார்கள்" என்று தொடங்கியது. ஆறு காரணங்களில் மூன்றைத்தான் எழுதியிருந்தான். பத்துக்கு ஏழு போட்டேன்.