அரை மணி பின்னால்

பினாங்கு லெபோ பந்தாயில் ஒரு பழைய கடைவீட்டு மாடியில் எங்கள் ஆபீஸ். கப்பல் சரக்குக்குக் கஸ்டம்ஸ் படிவம் போடும் வேலை. இறக்குமதிக்கு கே1, ஏற்றுமதிக்கு கே2. 2014இல் கணக்குப் பிரிவில் சேர்ந்த முதல் நாள், பத்து நிமிடம் முன்னதாகவே போய்விட்டேன். கைப்பேசியில் 8.50. சுவர்க் கடிகாரத்தில் 8.20.

"கடிகாரம் ஓடலையா அண்ணே?"

"நல்லா ஓடுதேம்மா," என்றார் பெரிய கிராணி, அதாவது தலைமை எழுத்தர்.

அவரிடம் ஒரு மார்க்கம் இருந்தது. அசையாமை மார்க்கம் என்று அவரே பெயர் வைத்திருந்தார். சேர்ந்திருந்தவர்கள் மூன்று பேர்: அவர், டெஸ்பாட்ச் மாமா, கூட்டிப் பெருக்கும் அக்கா. மேசைகளை நகர்த்தாமல் கூட்டலாம் என்ற சலுகைக்காகத்தான் அக்கா சேர்ந்தார் என்பது என் கணிப்பு. மார்க்கத்தின் தெய்வம் ஒரு பச்சைக் கண்ணாடி பேப்பர் வெயிட். பணம் வராத பில்கள் எல்லாம் அதன் அடியில் கிடக்கும். புதுக் காலண்டரைப் பழையதன் மேலேதான் மாட்ட வேண்டும். நாள்காட்டித் தாளைக் கிழிப்பது மட்டும் தர்மசங்கடம். நினைவு வரும்போது நாலைந்து நாளைச் சேர்த்துக் கிழித்துக்கொள்வார்.

சாஸ்திரமும் கைவசம் வைத்திருந்தார். ஜீனோ என்ற பழைய கிரேக்கர், பறக்கும் அம்பை எந்தக் கணத்தில் பார்த்தாலும் அது தன் நீளத்துக்குச் சமமான ஓர் இடத்தில் நிலையாகத்தான் இருக்கிறது, ஆகவே அம்பு நகர்வதே இல்லை என்று வாதிட்டவர். எங்கோ இதைப் படித்துவிட்டு, ஜூலையில் அனுப்பிய ஃபைல் செப்டம்பர் வரை வராததற்குக் காரணமாகச் சொன்னார். "எப்பப் பார்த்தாலும் அது ஒரு இடத்துலதான்மா இருக்கு." இதற்கு நான் என்ன பதில் சொல்வது?

கடிகாரத்தின் கதையை மட்டும் சிரிக்காமல் சொன்னார். 1981 டிசம்பர் 31 இரவு, தீபகற்ப மலேசியாவில் பதினொன்றரை மணியைப் பன்னிரண்டு ஆக்கினார்கள். சபா, சரவாக்கோடு ஒரே நேரமாக இருக்கட்டும் என்று அரை மணி முன்னால் தள்ளியது. அவர் அப்போது பதினெட்டு வயது ஆபீஸ் பையன். மறுநாள் ஸ்டூலைப் போட்டு ஏறியவரைப் பெரிய முதலாளி இறங்கச் சொல்லிவிட்டாராம். "ஜப்பான்காரன் ஒன்றரை மணி முன்னால தள்ளினான். அவன் போனதும் பழைய மணி திரும்பி வரலையா? இதுவும் வரும். கை வைக்காதே." மலாயாவைப் பிடித்த ஜப்பானியர் 1942இல் தோக்கியோ நேரத்தைக் கொண்டு வந்ததும், 1945இல் அது போனதும் உண்மைதான். முதலாளி காத்திருந்தார், காலமானார். கிராணி காத்திருந்தார்.

எனக்கு எரிச்சலாகத்தான் இருந்தது. புதிதாக வந்த பையன் ஒருவன் அந்தக் கடிகாரத்தை நம்பி பேங்குக்குப் போய், சாத்திய கதவைப் பார்த்துவிட்டுத் திரும்பினான். திட்டு எனக்கு. சோம்பலுக்குத் தத்துவம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள் என்று வீட்டில் சொல்லிப் பொருமினேன்.

அப்புறம் ஜிஎஸ்டி வந்தது. 2015 ஏப்ரல் 1, ஆறு விழுக்காடு. புது மென்பொருள், பயிற்சி, ராத்திரி ஒன்பது வரை வேலை. கிராணி எதையும் கற்றுக்கொள்ளவில்லை. பழைய பேரேட்டில் ஓரமாக ஒரு கோடு இழுத்து, வரியை பென்சிலில் எழுதி வந்தார். "ஏன் பென்சில்?" என்றதற்கு, "அழிக்க வசதி," என்றார். மூன்றே வருடம். 2018 ஜூன் 1இல் வரி சுழியமாகி, செப்டம்பரில் பழையபடி எஸ்எஸ்டி என்ற விற்பனை, சேவை வரி. அன்று ஆபீஸ் முழுக்கக் கேசரி கொடுத்தார். நான் சாப்பிடவில்லை என்றுதான் எழுத ஆசை. இரண்டு தட்டு சாப்பிட்டேன்.

வரி போனாலும் அதன் கணக்குகளை ஏழு வருடம் வைத்திருக்க வேண்டும். அடுத்த வருடம் பழைய விவரம் ஒன்று தேவைப்பட்டபோது மென்பொருளின் உரிமம் முடிந்து, உள்ளேயே போக முடியவில்லை. பென்சில் வரிகள் அத்தனையும் இருந்தன. ஒன்றைக்கூட அவர் அழித்திருக்கவில்லை.

அதற்குப் பிறகுதான் அவர் செய்யும் வேலையைக் கவனித்தேன். அது எட்டு நாள் கடிகாரம். வாரத்துக்கு நான்கு நிமிடம் முந்தும். சனிக்கிழமைதோறும் ஸ்டூலில் ஏறி, சாவி கொடுத்து, முள்ளைத் திருத்திவிட்டு இறங்குவார். எங்கள் கடைவீடும் அப்படித்தான். 2008இல் எங்கள் ஜார்ஜ்டவுன் நகரம் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏறியது. அந்தக் காலத்துச் சுவருக்குச் சுண்ணாம்புப் பூச்சுதான் சரி. சிமெண்டைப் பூசினால் ஈரம் வெளியேற வழியில்லாமல் சுவர் உள்ளே கெடும். சுண்ணாம்பு உதிரும், ஆளைக் கூப்பிட வேண்டும், மறுபடி உதிரும்.

2020 மார்ச் 18இல் நடமாட்டக் கட்டுப்பாடு. நாடே மார்க்கத்தில் சேர்ந்துவிட்டது என்று கிராணிக்குக் குரல் செய்தி அனுப்பினேன். அவர் சிரிக்கவில்லை. "கடிகாரத்துக்குச் சாவி கொடுக்க ஆளில்லையேம்மா," என்று பதில் வந்தது.

மே மாதம் திறந்தபோது அது நின்றுபோய்த்தான் இருந்தது. அவருக்கு முழங்கால் வலி. ஸ்டூலை அவர் பிடித்துக்கொள்ள, நான் ஏறிச் சாவி கொடுத்தேன்.

"மணி என்ன வைக்கட்டும் அண்ணே?"

முழுக்கைச் சட்டையின் பட்டனைக் கழற்றி மேலே தள்ளினார். உள்ளே ஒரு கைக்கடிகாரம். ஆறு வருடத்தில் நான் பார்த்ததே இல்லை. மேலிருந்து எட்டிப் பார்த்தேன். 10.50. என் கைப்பேசியிலும் அதேதான். உதடுகள் மெல்ல அசைந்தன, கழித்தார்.

"பத்து இருபது வைம்மா."