நான்கு கையுறைகளோடு வந்தவர்

பென்சில்வேனியாவில், மேஜர் லீக்குக்குக் கீழ்ப்படியான டபுள்-ஏ ஆட்டங்கள் நடக்கும் ஒரு பேஸ்பால் மைதானத்தில் 2014 முதல் பகுதிநேர ஸ்கோரராக வேலை பார்த்துவருகிறேன். பகலில் மென்பொருள் வேலை. கோடை மாலைகளில் பத்திரிகையாளர் மாடத்தின் நடு நாற்காலி. சென்னையில் கல்லூரி அணிக்கு ஸ்கோர் புத்தகம் எழுதிய பழக்கத்தில்தான் இந்த வேலைக்கு விண்ணப்பித்தேன். ஆனால் கிரிக்கெட்டில் ஸ்கோரர் என்பவர் நடுவரின் சைகையைப் பதிவு செய்பவர். கைநழுவிய கேட்ச் யார் பெயரிலும் ஏட்டில் ஏறாது. பேஸ்பாலில் அப்படியில்லை. பந்தை அடித்த பேட்டர் முதல் பேஸைப் பத்திரமாக எட்டிவிட்டால், அது அவர் திறமையால் கிடைத்த ஹிட்டா, ஃபீல்டரின் பிழையால் கிடைத்த எரரா என்பதை மாடத்தில் இருக்கும் ஸ்கோரர்தான் சொல்ல வேண்டும். சொன்ன கணமே அது ஒருவர் கணக்கில் வரவாகவோ இன்னொருவர் கணக்கில் பற்றாகவோ ஏறிவிடும்.

விதிப்புத்தகம் இதற்குத் தரும் அளவுகோல் ‘சாதாரண முயற்சி’. அந்த நிலை லீக்கில், அந்த இடத்தில் ஆடும் சராசரித் திறமையுள்ள ஒருவர், அன்றைய தரையிலும் அன்றைய வானிலையிலும் எவ்வளவு செய்திருப்பாரோ அவ்வளவு. அதைச் செய்யத் தவறினால் எரர். அதற்கு மேலானதைச் செய்யப்போய்த் தவறினால் பிழையில்லை. படிக்க எளிதாக இருக்கும் இந்த வாக்கியத்தை நான் சரியாகப் புரிந்துகொள்ள மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஆயின. புரியவைத்தவர் 2017இல் எங்கள் அணிக்கு வந்த ஓர் இன்ஃபீல்டர், அதாவது பேஸ்களை ஒட்டி நிற்கும் ஃபீல்டர்.

அவருக்கு அப்போது 29 வயது. புதிய வீரர்களை அணிகள் சுற்றுச் சுற்றாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் 50 சுற்றுகள் இருந்த 2010ஆம் ஆண்டில், முப்பது சுற்றுகள் கடந்த பிறகு தேர்வானவர். எங்களிடம் வந்தபோது அது அவருடைய நான்காவது நிறுவனம், அதாவது அவரை வைத்திருந்த நான்காவது மேஜர் லீக் அணி. மேஜர் லீக் அணி ஒவ்வொன்றுக்கும் கீழே படிகளாக மைனர் லீக் அணிகள் இருக்கின்றன. டபுள்-ஏ, உச்சிக்கு இரண்டு படி கீழே. அங்கே பெரும்பாலானோர் இருபத்துமூன்று, இருபத்துநான்கு வயதுக்காரர்கள். அவர் வந்த முதல் நாள் பயிற்சியின்போது மாடத்திலிருந்து பார்த்தேன். இளைஞர்கள் ஒன்றோ இரண்டோ கையுறைகளோடு வந்திருக்க, இவர் நான்கு கையுறைகளைப் புல்லின் ஓரத்தில் வரிசையாக வைத்துவிட்டு ஒவ்வொன்றாக மாட்டி மாட்டிப் பந்து பிடித்துக்கொண்டிருந்தார். இரண்டாம் பேஸுக்குச் சிறியது, பந்து உள்ளே புதையாமல் உடனே வெளியே எடுத்து எறிய. இரண்டாம், மூன்றாம் பேஸ்களுக்கு நடுவே நிற்கும் ஷார்ட்ஸ்டாப்புக்கு அதைவிடச் சற்றுப் பெரியது. மூன்றாம் பேஸுக்கு இன்னும் ஆழமானது. முதல் பேஸுக்கு விரல் பிரிவில்லாத அகன்ற மிட். அந்த நான்கும்தான் அவருடைய பிழைப்பு.

வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இன்ஃபீல்ட் முழுவதும் ஒரே வேலையாகத் தெரியும். உண்மையில் அவை நான்கு தொழில்கள். பேஸுக்கும் பேஸுக்கும் இடையே 90 அடி. வலக்கை பேட்டர் ஒருவர் அடித்துவிட்டு முதல் பேஸை எட்ட நான்கு விநாடிகளுக்குச் சற்றுக் கூடுதலாக ஆகும். மூன்றாம் பேஸில் நிற்பவருக்குப் பந்து வந்து சேரும் வேகத்தில் யோசிக்க நேரமில்லை. கையும் கண்ணும்தான் வேலை செய்ய வேண்டும். ஷார்ட்ஸ்டாப்புக்குக் கால்கள் வேண்டும், நீளமாக எறியும் தோள் வேண்டும். இரண்டாம் பேஸில் எறிதல் குறுகியது என்றாலும், ஒரே பந்தில் இருவரை அவுட்டாக்கும் டபுள் பிளே ஆடும்போது தன்னை நோக்கிச் சறுக்கி வரும் ஓட்டக்காரரைப் பார்க்காமலேயே பந்தை வாங்கி, உடலைத் திருப்பி, முதல் பேஸுக்கு அனுப்ப வேண்டும். முதல் பேஸிலோ மற்ற மூவரும் அவசரத்தில் தரையில் அடித்து எறிவதையெல்லாம் அள்ளியெடுக்கும் வேலை. ஒவ்வொன்றிலும் ஆண்டுக்கணக்கில் ஊறியவர்கள் உண்டு. இவரோ செவ்வாய்க்கிழமை ஒன்றிலும் புதன்கிழமை இன்னொன்றிலும் நின்றார். சில நாட்கள் ஏழு இன்னிங்ஸ் உட்கார்ந்துவிட்டு, எட்டாவதில் எழுந்து போய், அந்த ஆட்டத்தின் மிகக் கடினமான தரைப்பந்தை எதிர்கொண்டார்.

29 வயதுக்காரரை டபுள்-ஏவில் ஏன் வைத்திருக்கிறார்கள் என்று தொடக்கத்தில் எனக்கு விளங்கவில்லை. நிறுவனம் பெரும்பணம் கொடுத்து எடுத்த இளம் ஷார்ட்ஸ்டாப்புக்கு ஓய்வு தர ஒருவர் வேண்டும். மேலே யாருக்காவது காயம் என்றால் எங்களுக்கு அடுத்த மேல்படியான ட்ரிபிள்-ஏவிலிருந்து ஒருவர் ஏறுவார், அந்த இடத்துக்கு இங்கிருந்து ஒருவர் போவார், இங்கே உண்டாகும் ஓட்டையை அன்று மாலைக்குள் அடைக்க வேண்டும். அவருடைய வேலை அந்த ஓட்டைகள். எந்த ஓட்டை எப்போது விழும் என்பது அவருக்கு முன்கூட்டித் தெரியாது. ஆகவே எல்லாவற்றுக்கும் எப்போதும் தயாராக இருப்பதையே அவர் தம் தொழிலாக ஆக்கிக்கொண்டிருந்தார். இதைத் தியாகம் என்று நான் சொல்லமாட்டேன். கடினமான ஒரு தேர்ச்சி அது. அதில் அவர் எங்கள் லீக்கில் நான் பார்த்த யாரையும்விட மேலானவராக இருந்தார்.

அந்த ஆண்டு ஜூன் மாதத்தில் ஒரு மாலை, மழை விட்டு நாற்பது நிமிடங்களுக்குப் பிறகு ஆட்டம் தொடங்கியது. அவர் அன்று ஷார்ட்ஸ்டாப். ஆறாவது இன்னிங்ஸில், இரண்டாம் பேஸில் ஓர் ஓட்டக்காரர் இருக்க, வலக்கை பேட்டர் ஒருவர் ஷார்ட்ஸ்டாப்புக்கும் மூன்றாம் பேஸுக்கும் இடைப்பட்ட ஆழமான வெளியில் ஒரு தரைப்பந்தை அடித்தார். எங்கள் இன்ஃபீல்டர் வலப்பக்கம் ஓடி, கையைத் திருப்பிப் புறங்கையால் பந்தை எட்டிப் பிடித்தார். பிடித்த பந்து, எறிவதற்காக வெளியே எடுத்தபோது நழுவி விழுந்தது. பேட்டர் மெதுவாக ஓடுபவர். அந்த எறிதல் போயிருந்தால் அவர் அவுட். நான் மைக்கில் ‘எரர், ஷார்ட்ஸ்டாப்’ என்று சொல்லிவிட்டு, தாளில் ஈ-6 என்று, ஷார்ட்ஸ்டாப்பின் எரருக்கான குறியை, எழுதினேன்.

மறுநாள் காலை அந்தக் காட்சியைக் காணொளியில் நான்கைந்து முறை பார்த்தேன். எங்கள் லீக்கின் சராசரி ஷார்ட்ஸ்டாப் ஒருவர் அந்தப் பந்துக்கு இரண்டு அடி தள்ளியே நின்றிருப்பார். பந்து அவரைக் கடந்து வெளிப்புல்லுக்குப் போயிருக்கும். நான் ஒரு நொடியும் யோசிக்காமல் ஹிட் என்று எழுதியிருப்பேன். இவர் எட்டியதால்தான் அது எரர் ஆயிற்று. முடிவை மாற்ற ஸ்கோரருக்கு ஆட்டம் முடிந்ததிலிருந்து 24 மணி நேரம் உண்டு. எனக்கு இன்னும் பாதிக்கு மேல் மிச்சமிருந்தது. ஆனால் அதே வாரத்தில்தான் வேறொரு முடிவை மாற்றியிருந்தேன். இரண்டாம் முறையும் மாற்றினால் உறுதியில்லாதவன் என்று நினைப்பார்களோ என்ற தயக்கத்தில் அந்த நேரத்தைக் கடத்தினேன். அது முழுக்க என் தவறு. அன்று பிற்பகல் நான் மைதானத்துக்கு வந்தபோது, கொளுத்தும் வெயிலில் அவர் ஏற்கெனவே ஷார்ட்ஸ்டாப் இடத்தில் நின்றுகொண்டிருந்தார். ஒரு பயிற்சியாளர் அதே வெளிக்குப் பந்துகளை அடித்துத்தர, அவர் புறங்கையால் பிடித்து எறிந்துகொண்டே இருந்தார். அறுபதுக்குப் பிறகு நான் எண்ணுவதை நிறுத்திவிட்டேன். மாடத்தின் பக்கம் அவர் ஒருமுறையும் திரும்பவில்லை.

அந்தப் பருவம் முழுவதும் நான் விதிகளை வேறு கண்ணோடு படித்தேன். எட்டாத பந்துக்கு எரர் கிடையாது. மெதுவாகக் கையாண்டதற்கு, கை தடுமாறாதவரை, எரர் கிடையாது. டபுள் பிளேயில் இரண்டாவது ஆளை அவுட்டாக்க எறிபவர் தவறியதற்கும், எறிந்த பந்து தாறுமாறாகப் போய் ஓட்டக்காரருக்குக் கூடுதல் பேஸ் கிடைத்தாலொழிய, எரர் கிடையாது. ஏனெனில் டபுள் பிளே நடந்திருக்கும் என்று ஸ்கோரர் ஊகிக்கக்கூடாது. இரண்டாம் பேஸில் மந்தமாகத் திரும்புபவரும் மின்னலாகத் திரும்புபவரும் என் தாளில் ஒரே மாதிரித் தெரிவார்கள். இப்போது மேஜர் லீக் மைதானங்களில் ஃபீல்டர் எவ்வளவு தூரம் ஓடினார் என்பதையே கருவிகள் அளக்கின்றன. 2023இல் வந்த விதிமாற்றம் இரண்டாம் பேஸின் இருபக்கமும் இருவர் இருவராக நிற்க வேண்டும் என்று கட்டாயமாக்கியதால், எட்டும் கால்களுக்கு மதிப்பு மீண்டும் கூடியிருக்கிறது. 2017இல், முப்பதை நெருங்கும் ஒருவரின் அடுத்த ஒப்பந்தத்தைப் பற்றிப் பேசும் மேசையில், என் தாளில் இருந்த எரர் எண்ணிக்கைக்கு இன்றைவிட அதிக எடை இருந்தது.

ஒப்பந்தம் என்றதும் பெரிய தொகை நினைவுக்கு வரலாம். 2019இல் டபுள்-ஏ வீரரின் குறைந்தபட்ச ஊதியம் வாரத்துக்கு 350 டாலர்; அதுவும் பருவம் நடக்கும் ஐந்து மாதங்களுக்கு மட்டும். அனுபவசாலிகள் பேசிச் சற்றுக் கூடுதலாக வாங்குவார்கள். அதே ஆண்டு மேஜர் லீக்கின் குறைந்தபட்ச ஊதியம் 555,000 டாலர். கணக்குப் போட்டுப் பார்த்தால், மேலே மூன்று நாட்கள் இருப்பவருக்குக் கிடைப்பது கீழே ஒரு பருவம் முழுவதும் ஆடியவரின் குறைந்தபட்ச ஊதியத்தைத் தாண்டிவிடும். எங்கள் லீக்கில் மெய்ன் மாநிலத்துப் போர்ட்லண்டுக்கும் வர்ஜீனியாவின் ரிச்மண்டுக்கும் இடையே ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல், எல்லாம் பேருந்தில்தான். குளிர்காலத்தில் அவர் ஒரு கிடங்கில் வேலை பார்த்ததாகப் பிறகு சொன்னார். 2021இல் வார ஊதியம் 600 டாலர் ஆனது. 2022இல் தங்குமிடம் அணிகளின் பொறுப்பாயிற்று. 2022 செப்டம்பரில் மைனர் லீக் வீரர்கள், மேஜர் லீக் வீரர்களின் சங்கத்தில் சேர்ந்து, 2023இல் டபுள்-ஏவுக்கு ஆண்டுக்கு 30,250 டாலர் என்று முதல் கூட்டு ஒப்பந்தம் கண்டார்கள். இது மிகத் தாமதமாக வந்த நீதி என்றே நான் நினைக்கிறேன். அவரைப் போன்ற பலர் அதற்குள் கையுறையைக் கழற்றிவிட்டார்கள்.

இந்தத் தொழிலின் மறு கரையை எட்டியவர்களும் இருக்கிறார்கள். வெனிசுவேலாவில் பிறந்த மிகேல் கைரோ, 1996 முதல் 2012 வரை ஒன்பது அணிகளுக்காக மேஜர் லீகில் ஆடியவர். பெரும்பாலும் இன்ஃபீல்டின் எந்த இடத்திலும் இட்டு நிரப்பக்கூடியவராக. 2022இல் சிகாகோ வைட் சாக்ஸ் அணியின் மேலாளர் உடல்நலக் குறைவால் விலகியபோது, தற்காலிக மேலாளராக நின்றவரும் அவர்தான். எனக்கு அதைவிட நெருக்கமாகப் படுவது ட்ரூ மேகியின் கதை. அவரும் 2010 டிராஃப்டில் தேர்வான இன்ஃபீல்டர். 13 பருவங்களில் 1,150க்கு மேற்பட்ட மைனர் லீக் ஆட்டங்கள். 2021 செப்டம்பரில் மினசோட்டா ட்வின்ஸ் அவரை மேலே அழைத்தது, ஆனால் களத்தில் இறக்காமலேயே திருப்பி அனுப்பிவிட்டது. 2023 ஏப்ரலில் அவர் எங்கள் லீக்கைச் சேர்ந்த ஆல்டூனா அணியில் ஆடிக்கொண்டிருந்தார். பிட்ஸ்பர்க் பைரேட்ஸின் முக்கிய ஆட்டக்காரர் ஒருவர் குடும்பத் துக்கத்துக்காக விடுப்பில் போக, அந்த இடத்துக்கு மேகியை அழைத்தார்கள். ஏப்ரல் 26 அன்று, 33 வயதில், மாற்று பேட்டராக அவர் நடந்து வந்தபோது மைதானமே எழுந்து நின்றது. நான் அதை வீட்டில் தொலைக்காட்சியில் பார்த்தேன். அவர் ஸ்ட்ரைக்-அவுட் ஆனார். சில நாட்களில் முதல் ஹிட்டும் கிடைத்தது. பிறகு மீண்டும் ஆல்டூனா. இன்னொருவர் வீட்டுத் துக்கத்தால்தான் அந்தக் கதவு திறந்தது என்பதை அவர் மறந்திருக்கமாட்டார் என்று தோன்றியது. இந்தத் தொழிலில் ஒவ்வொரு வாய்ப்பும் அப்படித்தான் வருகிறது.

எங்கள் இன்ஃபீல்டருக்கு அந்தக் கதவு திறக்கவில்லை. 2018 வசந்தகாலப் பயிற்சி முடிவதற்குள் விடுவிக்கப்பட்டார். அட்லாண்டிக் லீகில், எந்த மேஜர் லீக் அணியின் நிழலும் இல்லாமல், ஒரு பருவம் ஆடினார். 2019இல் வேறொரு நிறுவனம் எடுத்துக்கொண்டது. 2020இல் பெருந்தொற்றால் மைனர் லீக் பருவமே நடக்கவில்லை; 32 வயதில் ஓர் ஆண்டு போய்விடுவது என்ன என்பதை விளக்க வேண்டியதில்லை. 2021இல் எங்கள் ஊருக்கு எதிரணியோடு வந்தார். அந்த ஆண்டிலிருந்துதான் செவ்வாய் முதல் ஞாயிறு வரை ஒரே ஊரில் ஆறு ஆட்டங்கள் என்று அட்டவணை மாறியிருந்தது. அவருக்குத் தொடைத் தசையில் காயம். புதன்கிழமை மாலை, பிட்சர் எறியும் ஒவ்வொரு பந்தையும் குறித்துவைக்கும் வேலைக்காக மாடத்துக்கு அனுப்பியிருந்தார்கள். என் நாற்காலிக்குப் பின்னால் உட்கார்ந்தார்.

ஆட்டம் முடிந்து எல்லோரும் கிளம்பிய பிறகு, நான்கு ஆண்டுகளாகச் சொல்ல நினைத்ததைச் சொன்னேன். அது ஹிட்டாக இருந்திருக்க வேண்டும், மாற்ற நேரமும் இருந்தது, மாற்றாமல் விட்டேன், மன்னிக்க வேண்டும் என்றேன். எந்த ஆட்டம் என்று அவர் கேட்பார் என எதிர்பார்த்திருந்தேன். அவர் பேட்டரின் பெயரையும் ஈரத் தரையையும் அவரே சொன்னார். பிறகு ஒரு பென்சிலை எடுத்து, என் தாளின் ஓரத்தில் இன்ஃபீல்டை வரைந்தார். பேட்டருக்குப் பின்னால் இருக்கும் கேட்சர், எந்த வகைப் பந்து வேண்டும் என்று பந்தெறியும் பிட்சருக்குச் சைகை காட்டுவார். அந்தச் சைகையைப் பற்றித்தான் பேசினார்.

“கேட்சர் முதலில் வெளிப்புறத்து ஃபாஸ்ட்பால் கேட்டார். அதைப் பார்த்து நான் இரண்டாம் பேஸ் பக்கம் ஒரு அடி நகர்ந்தேன். பிட்சர் தலையை ஆட்டி மறுத்தார். கேட்சர் வளைபந்துக்கு மாற்றினார். அந்த நேரம் நான் ஓட்டக்காரரைப் பார்த்துக்கொண்டிருந்ததால் இரண்டாம் சைகையைத் தவறவிட்டேன். வளைபந்து என்று தெரிந்திருந்தால் மூன்றாம் பேஸ் பக்கம் நின்றிருப்பேன். அந்தப் பந்து நேராக என் மார்புக்கு வந்திருக்கும். நீங்கள் எழுதியது சரிதான். கை செய்த பிழை என்று நினைத்து எழுதினீர்கள், அதுதான் சரியில்லை.”

விதிப்படி மனத்தின் தவறுக்கு எரர் கொடுக்க முடியாது என்றேன். தெரியும் என்றார். தவறான இடத்தில் நின்றதற்கும் ஸ்கோரர் எதுவும் எழுத முடியாது. ஆகவே அது ஹிட்தான் என்று நான் மறுபடியும் வாதாடினேன். அவர் பென்சிலை மேசையில் வைத்துவிட்டு, அதற்கடுத்த வாரம் முழுவதும் இரண்டாம் சைகையைப் பார்த்த பிறகே கண்ணை எடுத்ததாகவும், இப்போது இளைஞர்களுக்கு அதைத்தான் முதலில் சொல்லிக்கொடுப்பதாகவும் சொன்னார். அந்த இலையுதிர்காலத்தில் அவர் ஆட்டத்திலிருந்து ஓய்வுபெற்று, வேறொரு நிறுவனத்தின் கீழ்நிலை அணியில் இன்ஃபீல்ட் பயிற்சியாளரானார்.

அந்தப் பழைய ஆட்டத்தின் தாள் இன்றும் என் கோப்பில் இருக்கிறது. அவர் ஓரத்தில் வரைந்த படம் இருக்கும் 2021ஆம் ஆண்டுத் தாளை அதோடு சேர்த்துக் குத்திவைத்திருக்கிறேன். ஷார்ட்ஸ்டாப் இடத்தில் ஒரு புள்ளியும், அதற்கு இடப்பக்கம் ஒரு அடி தள்ளி, அழுத்திப் போட்ட இன்னொரு புள்ளியும் அதில் இருக்கின்றன.