டி சிகா படங்களோட ஒரு மாசம்

ஜனவரி 4, ஞாயிறு
விட்டோரியோ டி சிகான்னா நம்மாளுங்க 'பைசைக்கிள் தீவ்ஸ்' டைரக்டர்னு சொல்லி அதோட நிறுத்திக்குவாங்க. அதுக்கெல்லாம் ரொம்ப முன்னாடியே மனுசன் இத்தாலில பெரிய ஹீரோ, அதுவும் பாட்டுப் பாடுற ரொமான்டிக் ஹீரோ. 1932ல மாரியோ கமெரினி படம் ஒன்னுல டிரைவரா வந்து 'பர்லமி தமோரே மரியு'ன்னு பாடுவாரு, பாட்டு செம ஹிட்டு. இன்னிக்கு அத யூட்யூப்ல தேடிப் பாத்தேன். வழிச்சு சீவின தலையும் அந்தச் சிரிப்பும், இந்த ஆளா 16 வருசத்துல சைக்கிளத் தொலைச்சவன் கதைய எடுத்தாருன்னு இருந்துச்சு.

ஜனவரி 7
பைசைக்கிள் தீவ்ஸ் மறுபடியும். ஹாலிவுட் புரொட்யூசர் செல்ஸ்னிக் காசு போடறேன், ஆனா கேரி கிராண்ட்டதான் ஹீரோவா போடணும்னாராம், இவரு முடியாதுன்னுட்டு நடிப்பே தெரியாத ஃபேக்டரி தொழிலாளி மஜ்ஜொரானிய போட்டாரு. சின்னப் பையன் என்சோ அழணும்னு அவன் பாக்கெட்ல சிகரெட் துண்டப் போட்டுட்டு, பொறுக்குனியாடான்னு எல்லார் முன்னாடியும் அசிங்கப்படுத்தி அழ வச்சாருன்னு ஒரு கதை உண்டு. அத மேதையோட டெக்னிக்குன்னு சிலாகிக்கிறாங்க, எனக்கு அதுல உடன்பாடு இல்ல. (இந்தப் படத்த 1952லயே மெட்ராஸ்ல காட்டியிருக்காங்க, இந்தியாவோட முதல் சர்வதேச படவிழாவுல.)

ஜனவரி 11
'உம்பெர்தோ டி.' படம். பென்சன் பத்தாம வாடகை பாக்கில தவிக்கிற கிழவரு கதை. கார்லோ பத்திஸ்தின்னு நிஜத்துல மொழியியல் புரொஃபசர் ஒருத்தர நடிக்க வச்சிருக்காரு. ஒரு இடத்துல பிச்சை எடுத்துப் பாப்போம்னு கைய நீட்டிப் பழகுறாரு, ஒருத்தர் நின்னு காசு போட வர்ற நேரம் பாத்து கைய அப்படியே கவுத்து, மழை தூறுதான்னு பாக்குற மாதிரி வானத்தப் பாப்பாரு. அந்த ஒரு திருப்பல நாலு தடவ ரீவைண்ட் பண்ணேன். அது புரொஃபசரோட கையே இல்ல, முப்பது வருசம் மேடையிலயும் சினிமாவுலயும் பழகின நடிகனோட டைமிங். நடிகர் இல்லாதவங்கள வச்சு எடுத்தாரு எடுத்தாருன்னு புகழுறோம், ஆனா அவங்க ஒவ்வொருத்தருக்குள்ளயும் நடிக்கிறது இவருதான்னு எனக்குப் படுது.

ஜனவரி 12
அந்தப் படம் 1952ல ஓடவே இல்ல. கவர்மென்ட்ல இருந்த ஆந்த்ரெயோத்தி வேற, நாட்டோட மானத்த வாங்குறீங்கன்னு பகிரங்கமா கண்டிச்சு எழுதுனாரு. அடுத்த வருசமே டி சிகா 'பிரெட், லவ் அண்ட் ட்ரீம்ஸ்'ல ஜினா லொல்லோபிரிஜிதாவ சுத்தி வர்ற போலீஸ்காரரா காமெடி பண்றாரு, பிச்சுக்கிட்டு ஓடுது.

ஜனவரி 18
டி சிகா இப்படி மத்தவங்க படத்துல காசுக்காக நடிச்சாரு. காசு ஏன் அவ்ளோ தேவைப்பட்டுச்சுன்னா ஒன்னு சூதாட்டம், அப்புறம் ரெண்டு குடும்பம். 'கோல்ட் ஆஃப் நேப்பிள்ஸ்' (1954) பாத்தா இவரு அத மறைக்கக்கூட இல்ல. சூதாட்டப் பைத்தியம் பிடிச்ச ஒரு பிரபுவா அவரே வர்றாரு, பொண்டாட்டி கைல காசே குடுக்க மாட்டா, அதனால வாட்ச்மேன் மகன், பொடிப்பய, அவனப் பிடிச்சு வச்சு சீட்டு ஆடுவாரு. பையனுக்கு வெளிய போய் விளையாடணும், வேண்டா வெறுப்பா ஆடிக்கிட்டே ஜெயிச்சுத் தள்ளுவான், இவரு அதிர்ஷ்டம்டா உனக்குன்னு கத்துவாரு பாருங்க, வயிறு வலிக்க சிரிச்சேன். தன்னையே இப்படிக் கலாய்ச்சுக்க ஒரு தைரியம் வேணும்.

ஜனவரி 25
இன்னொரு இத்தாலி டைரக்டர் ரொசெல்லினியோட 'ஜெனரல் தெல்லா ரோவெரே' (1959). டி சிகா இதுலயும் சூதாடிதான், ஜெர்மன்காரன் பிடிச்சுட்டுப் போனவங்க குடும்பத்துக்கிட்ட, உங்காள வெளிய எடுத்துத் தரேன்னு காசு கறக்குற ஃபிராடு. ஜெர்மன்காரங்க அவனையே ஜெனரல் வேசம் போட வச்சு ஜெயிலுக்குள்ள உளவாளியா அனுப்ப, கடைசில வேசத்தக் கலைக்காமலே மத்தவங்களோட போய் நின்னு சுடப்பட்டு சாவான். வெனிஸ் படவிழாவோட பெரிய பரிசு, கோல்டன் லயன் வாங்குன படம். ஆனா நடிப்புக்காக டி சிகாவுக்குக் கெடச்ச ஒரே ஆஸ்கர் நாமினேசன் இதுக்கில்ல, 'எ ஃபேர்வெல் டு ஆர்ம்ஸ்' ஹாலிவுட் படத்துக்கு. என்னத்த சொல்ல. அடுத்து சோஃபியா லாரனோட 'டூ விமன்', சப்டைட்டிலோட நல்ல பிரிண்ட் யார்கிட்டயாவது இருந்தா சொல்லுங்கப்பா.