‘இயல்பாக இருங்கள்’ என்கிறார்கள்

ஆவணப்படக் குழுவினர் யாரைப் படம்பிடிக்க வந்தாலும், “கேமராவை மறந்துவிட்டு இயல்பாக இருங்கள்” என்றுதான் தொடங்குகிறார்கள். அதன் பிறகு நடப்பவற்றில் இயல்பானது அநேகமாக எதுவுமில்லை. சிங்கப்பூர் தேக்காவில் பூக்கடை வைத்திருக்கும் என் அத்தையைப் படம்பிடித்த அன்று நான் அருகில் இருந்தேன். இரைச்சல் பதிவாகும் என்று மின்விசிறியை நிறுத்தினார்கள். விரல்களை மட்டும் தனியாக எடுக்க வேண்டும் என்பதற்காக, கட்டி முடித்த மல்லிகைச் சரத்தைப் பிரித்து மறுபடியும் கட்டச் சொன்னார்கள். கேள்வி கேட்பவரின் குரல் படத்தில் வராது என்பதால் கேள்வியையும் பதிலோடு சேர்த்தே சொல்ல வேண்டுமாம். ஆகவே, “எண்பத்தாறுல” என்று முடித்திருக்க வேண்டிய அத்தை, “நான் இந்தப் பூக்கடையை 1986ஆம் ஆண்டு தொடங்கினேன்” என்று ஒப்பித்துவிட்டு, “யாரும்மா இப்படிப் பேசுவா?” என்று சிரித்தார். அந்தச் சிரிப்பு ஒளிபரப்பில் இல்லை.

இது இன்று நேற்று வந்த வழக்கமல்ல. கனடாவின் பனிப்பிரதேசத்தில் வாழ்ந்த வேட்டைக்காரர் ஒருவரைப் பற்றி 1922இல் வெளியான ‘நானூக் ஆஃப் த நார்த்’ ஆவணப்படத்தில், உள்ளே வெளிச்சம் வர வேண்டும் என்பதற்காகப் பனிவீட்டை ஒரு பக்கம் திறந்தபடியே கட்டினார்கள். துப்பாக்கி பழகிய வேட்டைக்காரரின் கையில் ஈட்டியைக் கொடுத்தார்கள். நானூக் என்பதுகூட அவருடைய உண்மையான பெயரல்ல. ஓர் அமெரிக்கக் குடும்பத்தின் அன்றாட வாழ்வைக் காட்டிய, ரியாலிட்டி நிகழ்ச்சிகளின் முன்னோடி என்று சொல்லப்படும் ‘ஆன் அமெரிக்கன் ஃபேமிலி’ 1973இல் ஒளிபரப்பானபோது, சுமார் 300 மணி நேரப் பதிவு 12 பகுதிகளாகச் சுருக்கப்பட்டிருந்தது. தங்கள் வாழ்வின் மகிழ்ச்சியான பகுதிகள் விடுபட்டுப்போயின என்று அந்தக் குடும்பத்தினர் பிறகு குறைபட்டுக்கொண்டார்கள். படத்தொகுப்பு மேசையில் பொய் எதுவும் சேர்க்க வேண்டியதில்லை. எதை வெட்டுவது என்று முடிவுசெய்தாலே ஒருவரை வேறொருவராக்கிவிடலாம் என்றே நான் நினைக்கிறேன்.

பாட்டுப் போட்டிகளில் பாடுவதற்கு முன் வரும் குடும்பக் கதை எனக்கு இன்னும் சங்கடமானது. இறந்துபோன தந்தையைப் பற்றிக் கேட்டுவிட்டு, கண்ணில் நீர் தளும்பும்வரை கேமரா காத்திருக்கிறது. பெரிய நாடுகளில் இது நாலு நாளில் மறந்துபோகும். நம் சமூகமோ சிறியது. வசந்தம் தொலைக்காட்சி ஒளிவழியில் ஒருமுறை அழுதவரை மறுநாளே தேக்கா ஈரச்சந்தையில் நிறுத்தி ஆறுதல் சொல்வார்கள், அதுவும் மீன் வெட்டும் இடத்தில்.

ஒப்புதல் படிவத்தில், பதிவை விருப்பம்போல் வெட்டிப் பயன்படுத்தும் உரிமை பெரும்பாலும் தயாரிப்பாளருக்கே எழுதிக் கொடுக்கப்படுகிறது. கையெழுத்திடும் முன் அந்த நிகழ்ச்சியின் கதை என்ன, அதில் தம் பங்கு என்ன என்று கேட்பவர்கள் குறைவு. கேட்டால் தயாரிப்பாளர்கள் சொல்லத்தான் செய்கிறார்கள்.